தொழிலுக்கு வைத்திருக்கும் எண்ணில் பெயர் சொல்லாத அழைப்புகள்: எப்படி நிறுத்துவது?

மாலதி, திருவையாறு:

வணக்கம். நான் திருவையாற்றில் வீட்டிலிருந்தே பலகாரம் செய்து விற்கிறேன். அசோகா, அதிரசம், கைமுறுக்கு, கல்யாணச் சீர்வரிசைக்கு வேண்டியவை எல்லாம் முன்கூட்டியே சொன்னால் செய்து தருவேன். குடும்ப எண்ணிலேயே ஆர்டரும் வந்துகொண்டிருந்ததால், தொழிலுக்குத் தனியாக ஓர் எண் இருக்கட்டும் என்று பொங்கலுக்குப் பிறகு புது சிம் வாங்கினேன். அட்டைப்பெட்டி, துணிப்பை, முகவரி அட்டை எல்லாவற்றிலும் அந்த எண்ணை அச்சடித்தாகிவிட்டது.

சிம்மைப் போட்ட வாரத்திலிருந்தே தொல்லை. சில அழைப்புகளை எடுத்தால் எதிர்முனையில் சத்தமே இல்லை. "ஹலோ, ஹலோ" என்று சொல்லிப் பார்ப்பதற்குள் தானாகத் துண்டித்துக்கொள்கிறது. வேறு சிலர் தனிநபர் கடன் வேண்டுமா, மனை வேண்டுமா என்று கேட்கிறார்கள். மூன்றாவது வகைதான் என்னை வாட்டுகிறது. ஓர் ஆணின் பெயரைச் சொல்லி, "அவரிடம் ஃபோனைக் கொடுங்கள்" என்கிறார்கள். அப்படி ஒருவரை எனக்குத் தெரியாது. "நீங்கள் யார், எங்கிருந்து பேசுகிறீர்கள்?" என்று கேட்டால் தங்கள் பெயரையும் சொல்வதில்லை, நிறுவனத்தின் பெயரையும் சொல்வதில்லை. "அவருடைய மனைவிதானே நீங்கள்? தவணையைக் கட்டச் சொல்லுங்கள், இல்லாவிட்டால் வீட்டுக்கு ஆள் வரும்" என்கிறார்கள். ஒருநாள் விடியற்காலையில், வாசல் தெளிக்கிற நேரத்தில், இதே பேச்சு. மாமியார் பக்கத்தில் நின்று கேட்டுக்கொண்டிருந்தார். யாரோ வாங்கிய கடனுக்கு நான் அவரிடம் விளக்கம் சொல்ல வேண்டியதாயிற்று.

அதிரசத்தை எண்ணெயில் விட்ட பிறகு கண்ணை எடுக்க முடியாது. உப்பி மேலே வந்ததும் திருப்பிவிட்டு, சிவக்கும் முன்பே எடுத்து, இரண்டு தட்டைக் கரண்டிகளுக்கு நடுவில் வைத்து அழுத்தி எண்ணெயை வடிக்க வேண்டும். அந்த நேரத்தில் ஃபோன் அடித்தால் ஆர்டராக இருக்குமோ என்று கையைத் துடைத்துக்கொண்டு ஓடுகிறேன். எடுத்தால் மௌனம். அந்த ஈடு கருகிப் போகிறது.

"தெரியாத எண்ணை எல்லாம் அடைத்துவிடுங்கள் அம்மா" என்கிறான் மகன். எனக்கு வரும் ஆர்டர்களில் பெரும்பாலானவை தெரியாத எண்களிலிருந்துதான் வருகின்றன. அவற்றை அடைத்தால் கடையை அடைத்த மாதிரி. என்னுடையது சாம்சங் ஆண்ட்ராய்டு ஃபோன். வாடிக்கையாளரை இழக்காமல் இவர்களை மட்டும் நிறுத்த வழி தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

சரவணன், ஓசூர்:

ஃபோனில் செய்யக்கூடியதை முதலில் சொல்லிவிடுகிறேன், அம்மா. அழைப்புச் செயலியைத் திறந்து, மேலே உள்ள மூன்று புள்ளிகளைத் தொட்டு, செட்டிங்ஸுக்குப் போங்கள். அங்கே எண்களைத் தடுக்கும் பகுதி இருக்கும். அதில் 'அன்னோன்' அழைப்புகளைத் தடுக்க ஒரு பொத்தான் உண்டு. அதைத் தாராளமாகப் போடலாம். உங்கள் ஃபோனில் சேமிக்காத எண்களை அது தடுக்காது. எண்ணே திரையில் தெரியாமல் மறைந்து வரும் அழைப்பை மட்டுமே தடுக்கும். பலகாரம் கேட்டு அழைப்பவர் யாரும் எண்ணை மறைத்துக்கொண்டு வரப்போவதில்லை.

அதே செட்டிங்ஸில் 'காலர் ஐடி அண்ட் ஸ்பேம் ப்ரொடெக்‌ஷன்' என்று ஒன்று இருக்கிறது. அதையும் இயக்கிவிடுங்கள். பலர் புகார் செய்த எண் என்றால் மணி அடிக்கும்போதே திரையில் எச்சரிக்கை வரும். கூகுளின் ஃபோன் செயலியிலும் இதே வசதி உண்டு. வலைப்பின்னலே எச்சரிப்பதும் இப்போது இருக்கிறது. ஏர்டெல் 2024 செப்டம்பரில் அதைத் தொடங்கியது. சந்தேகத்துக்குரிய அழைப்பு என்றால் எண்ணோடு சேர்த்து அந்தக் குறிப்பும் திரையில் வரும். எச்சரிக்கை வந்தாலும் எடுப்பதா வேண்டாமா என்பது உங்கள் கையில் இருக்கும் என்பதால் உங்களைப் போன்றவர்களுக்கு இதுவே பொருத்தம்.

ஐஃபோனில் 2019 முதல் தெரியாத எண்களை மணி அடிக்காமல் ஒதுக்கிவிடும் அமைப்பு இருக்கிறது. வேலைக்குப் போய்வரும் என்னைப் போன்றவனுக்கு அது வரம். உங்களுக்கு ஆகாது. வாட்ஸ்அப்பிலும் 2023 முதல் அதே வசதி இருக்கிறது. செட்டிங்ஸில் பிரைவசி, அதற்குள் கால்ஸ். அதை நீங்கள் போட்டுக்கொள்ளலாம். தெரியாத எண்ணிலிருந்து வரும் வாட்ஸ்அப் அழைப்புக்கு மணி அடிக்காது, ஆனால் செய்திகள் வழக்கம்போல வரும். ஆர்டர் கொடுப்பவர்கள் வாட்ஸ்அப்பில் பெரும்பாலும் செய்திதானே அனுப்புவார்கள்? போலீஸ் சீருடையில் வீடியோ அழைப்பில் வந்து 'டிஜிட்டல் கைது' என்று மிரட்டும் கும்பல்களிடமிருந்தும் இது ஓரளவு காப்பாற்றும்.

நிர்மலா, பெருங்குடி:

மாலதி அக்கா, சரவணன் சொன்னதைச் செய்யுங்கள். ஆனால் அதோடு இது நிற்காது. ஏன் என்று சொல்கிறேன். நான் பல வருடங்கள் ஓர் அழைப்பு மையத்தில் வேலை பார்த்தேன். முதலில் கடன் அட்டை விற்பனை, பிறகு தவணை வசூல். இப்போது அந்த வேலையில் இல்லை. உங்களுக்கு வரும் மூன்று வகை அழைப்புகளும் அங்கே எப்படிப் புறப்படுகின்றன என்று எனக்கு நன்றாகத் தெரியும்.

பேசாமல் துண்டிக்கும் அழைப்பு பெரும்பாலும் மனிதர் செய்வதில்லை. மையத்தில் யாரும் எண்ணைப் பார்த்து அழுத்துவதில்லை. டயலர் என்கிற மென்பொருள்தான் அழைக்கிறது. ஒரு பேச்சு முடியச் சராசரியாக எவ்வளவு நேரம் ஆகிறது, இத்தனை பேரை அழைத்தால் எத்தனை பேர் எடுக்கிறார்கள் என்று அது ஓயாமல் கணக்குப் போடும். பலர் எடுக்கமாட்டார்கள் என்ற கணக்கில், காலியாக இருக்கும் ஊழியர்களைவிட அதிகமான எண்களை ஒரே நேரத்தில் அழைக்கும். எதிர்பார்த்ததைவிட அதிகம் பேர் எடுத்துவிட்டால், மிஞ்சியவர்களுக்குப் பேச ஆள் கிடைக்காது. அந்த அழைப்புதான் மௌனமாக இருந்து துண்டிக்கப்படுகிறது. அதோடு போவதில்லை. இந்த எண் உயிரோடு இருக்கிறது, இந்த நேரத்தில் எடுக்கிறார்கள் என்று அதில் பதிவாகிவிடும். மறுநாள் அதே நேரத்தில் உங்கள் அடுப்படியில் மணி அடிப்பதற்கு அதுவே காரணமாக இருக்கலாம்.

எடுத்ததும் 'ஹலோ' சொல்லாமல் இரண்டு மூன்று விநாடி சும்மா இருந்து பாருங்கள். பல டயலர்கள் எதிர்முனையில் இருப்பது மனிதரா, பதிவுக் குரலா என்று முதல் சத்தத்தைக் கேட்டுத்தான் தீர்மானிக்கின்றன. சத்தமே வராவிட்டால் ஊழியரிடம் இணைக்காமல் விட்டுவிடும். எல்லா டயலரும் அப்படியில்லை, ஆனால் பாதித் தொல்லை குறைய வாய்ப்புண்டு. உண்மையான வாடிக்கையாளர் அந்த மூன்று விநாடிக்குள் அவராகவே "பலகாரக்கார அம்மாவா?" என்று கேட்டுவிடுவார்.

இனி முக்கியமானது. ஒவ்வொரு பேச்சும் முடிந்ததும், அடுத்த அழைப்பு வருவதற்குள் ஊழியர் திரையில் ஒரு முடிவைத் தேர்ந்தெடுத்தாக வேண்டும். அதை டிஸ்போசிஷன் என்போம். எடுக்கவில்லை என்றால் ஆர்.என்.ஆர். "இப்போது வேலையாக இருக்கிறேன், அப்புறம் பேசுங்கள்" என்றால் கால் பேக். வசூல் பிரிவில் "கட்டிவிடுகிறேன்" என்று யாராவது சொன்னால் பி.டி.பி., அதாவது பணம் கட்டுவதாக வாக்குக் கொடுத்தவர். ராங் நம்பர் என்றும் இனி அழைக்கக் கூடாதவர் என்றும் தனித்தனியாக உண்டு. ஊழியர் எதை அழுத்துகிறாரோ அதைப் பொறுத்துத்தான் டயலர் உங்களை மறுபடி எப்போது அழைப்பது என்று முடிவு செய்கிறது. நீங்கள் எடுக்காமல் விட்டாலும், கோபத்தில் பாதியில் துண்டித்தாலும் அதற்கு ஒரே பொருள்தான்: மறுபடி அழை. தொந்தரவு தாங்காமல் "அப்புறம் சொல்கிறேன், வையுங்கள்" என்று நாம் எல்லோரும் சொல்கிறோமே, அது நாமே அவர்களுக்கு நேரம் குறித்துக் கொடுப்பது.

தடுத்து வைத்தாலும் டயலருக்கு அது தெரியாது. மேலும் ஒரு மையத்துக்கு ஒரே எண் இருப்பதில்லை. பி.ஆர்.ஐ. என்கிற அலுவலகத் தொலைபேசி இணைப்பு ஒன்றில் ஒரே நேரத்தில் முப்பது பேர் பேசலாம். அதற்கென்று வரிசையாக எண்கள் ஒதுக்கியிருப்பார்கள். நீங்கள் ஒன்றைத் தடுத்தால் அடுத்தது வரும். இரவெல்லாம் உட்கார்ந்து எண் எண்ணாகத் தடுத்துக்கொண்டிருந்த பலர் எங்களிடம் அழுதிருக்கிறார்கள். அவர்களுக்கு நான் சொல்ல விரும்பியதை அந்த இருக்கையில் இருந்துகொண்டு சொல்ல முடியவில்லை. உங்களுக்காவது சொல்கிறேன்.

பேசுபவர் மனிதர் என்றால் கத்த வேண்டாம், துண்டிக்கவும் வேண்டாம். நிதானமாக இதை மட்டும் சொல்லுங்கள்: "இது ராங் நம்பர். நீங்கள் கேட்பவர் இங்கே இல்லை. டிஸ்போசிஷனை ராங் நம்பர் என்று போடுங்கள். இந்தப் பேச்சு பதிவாகிறது என்று எனக்குத் தெரியும்." அந்தச் சொற்களைக் கேட்டதுமே பேசுபவர் நிமிர்ந்து உட்காருவார். பேச்சுகளைத் தரக் கட்டுப்பாட்டுப் பிரிவு எடுத்துக் கேட்கும். ராங் நம்பர் என்று தெளிவாகச் சொன்ன பிறகும் கால் பேக் போட்டிருந்தால் ஊழியரின் மதிப்பெண் குறையும், ஊக்கத்தொகை போகும். அவர்களும் மாதக் கடைசி இலக்குக்கு ஓடுகிற பிள்ளைகள்தான், அக்கா. திட்டினால் பழகிப்போனவர்கள். சரியான சொல்லைச் சொன்னால் செய்துவிடுவார்கள்.

கடன் வேண்டுமா, மனை வேண்டுமா என்பவர்களுக்கு வழி வேறு. 1909 என்ற எண்ணுக்கு, ஆங்கிலத்தில் 'ஸ்டார்ட்' என்று எழுதி, இடைவெளி விட்டு, சுழியம் போட்டு எஸ்.எம்.எஸ். அனுப்புங்கள். எல்லா வகை விளம்பரங்களையும் மறுத்ததாகப் பதிவாகும். வங்கியிலிருந்து வரும் ஓ.டி.பி. போன்றவை நிற்காது, பயப்பட வேண்டாம். பதிவு செய்த விளம்பர நிறுவனங்கள் 140 என்று தொடங்கும் எண்களிலிருந்துதான் அழைக்க வேண்டும். உங்கள் மறுப்பு அவர்களைக் கட்டுப்படுத்தும். சாதாரணப் பத்து இலக்க எண்ணிலிருந்து விற்பவர்கள்தான் அடங்காதவர்கள். அவர்கள் மேல் அழைப்பு வந்த 7 நாளுக்குள் 1909-இலேயே புகார் கொடுக்கலாம். எண், தேதி, என்ன பேசினார்கள் என்று ஒரு வரி போதும். தொலைத்தொடர்பு ஒழுங்குமுறை ஆணையமான ட்ராய் 2025 பிப்ரவரியில் விதிகளை இறுக்கியிருக்கிறது. 10 நாளில் 5 பேர் ஓர் எண்ணைப் பற்றிப் புகார் செய்தாலே நடவடிக்கை தொடங்கலாம். முன்பு 7 நாளில் 10 புகார் வேண்டியிருந்தது. முதல் முறை 15 நாள் வெளியழைப்பு முடக்கம், மறுபடி செய்தால் அவர்களுடைய எல்லா இணைப்புகளும் ஓர் ஆண்டுக்குத் துண்டிப்பு. நம் ஒருவர் புகாரால் என்ன ஆகும் என்று பலர் விட்டுவிடுகிறார்கள். ஐந்தில் ஒன்று நம்முடையது என்று நினைத்து அனுப்புங்கள்.

கடன் வசூல் அழைப்புக்கு 1909 உதவாது. அது விளம்பரம் ஆகாது. உங்கள் எண் முன்பு அந்த ஆளிடம் இருந்திருக்கிறது என்று நினைக்கிறேன். கைவிடப்பட்ட எண்ணைக் குறைந்தது 90 நாள் சும்மா வைத்திருந்துவிட்டு வேறொருவருக்குக் கொடுப்பது நடைமுறை. 90 நாளில் கடன் மறைந்துவிடுமா? வசூல் மையத்து ஊழியர் ராங் நம்பர் போட்டால் அந்த மையத்தோடு நிற்கும். அடுத்த மாதம் கணக்கை வேறு மையத்துக்கு மாற்றுவார்கள், பழைய பட்டியலே போகும். கடன் கொடுத்த நிறுவனத்தின் பதிவேட்டிலிருந்து எண்ணை எடுக்க வேண்டும். அதைப் பற்றி வங்கித் துறையில் இருந்தவர்கள் யாராவது எழுதினால் நல்லது.

மாலதி, திருவையாறு:

நிர்மலா, நீங்கள் எழுதியதை மாமியாருக்கும் படித்துக் காட்டினேன். அவர் மனத்தில் இருந்த சந்தேகமும் தெளிந்தது.

மூன்று விநாடி மௌனம் நன்றாக வேலை செய்கிறது. பூதலூரிலிருந்து ஒருவர் வளைகாப்புக்கு முறுக்கு கேட்டு அழைத்தார். நான் பேசாமல் இருந்ததும் அவராகவே "அம்மா, முறுக்கு ஆர்டர்" என்றார். 1909-க்கும் அனுப்பிவிட்டேன், பதில் வந்தது.

வசூல் ஆள் மறுபடி அழைத்தபோது நீங்கள் சொன்னபடியே சொன்னேன். ஒரு நிமிடம் பேச்சே இல்லை. பிறகு குரல் மாறி, "மேடம், நான் போட்டுவிடுகிறேன், ஆனால் எண்ணை நிரந்தரமாக நீக்க உங்கள் ஆதார் எண்ணின் கடைசி நான்கு இலக்கமும் பிறந்த தேதியும் வேண்டும்" என்றார். கொடுக்கவில்லை. கொடுத்திருக்க வேண்டுமா? எந்த நிறுவனம் என்று கேட்டதற்கு அப்போதும் சொல்லவில்லை. நிறுவனமே தெரியாமல் யாருக்கு எழுதுவது?

இராமசாமி, மதுரை:

மாலதி அம்மா, கொடுக்காதது மிகவும் சரி. உங்களுக்கும் அந்தக் கடனுக்கும் தொடர்பில்லை எனும்போது உங்கள் ஆதாரும் பிறந்த தேதியும் அவர்களுக்கு எதற்கு? கேட்பவர் உண்மையான வசூல்காரராகவே இருந்தாலும் கொடுக்கக் கூடாது. நான் வங்கியில் கடன் பிரிவில் இருந்து ஓய்வு பெற்றவன். இந்த விஷயத்தில் எனக்கு உள்ளபடியே கோபம் உண்டு. கடன் வாங்கியவரிடமே மரியாதையாகப் பேச வேண்டும் என்று விதி இருக்கும்போது, வாங்காதவரைப் பொழுது விடியும் முன் மிரட்டுவதை ஒப்புக்கொள்ளவே முடியாது.

நிறுவனத்தைக் கண்டுபிடிக்க உங்கள் ஃபோனிலேயே வழி இருக்கும். வசூலுக்கு அழைப்பவர்கள் எஸ்.எம்.எஸ். அனுப்பாமல் இருப்பது அரிது. வந்திருக்கும் செய்திகளை மேலே தள்ளித் தேடிப் பாருங்கள். அந்த ஆளின் பெயரிலோ, தவணை நிலுவை என்றோ ஒன்று இருக்கும். அனுப்பியவர் இடத்தில் எண்ணுக்குப் பதிலாக எழுத்துகள் இருக்கும். முதலில் இரண்டெழுத்து, ஒரு சிறு கோடு, பிறகு ஆறெழுத்து, கடைசியில் கோடு போட்டு ஓர் எழுத்து. நடுவில் உள்ள ஆறெழுத்துதான் நிறுவனத்தின் பதிவுப் பெயர். ட்ராய் அமைப்புக்கு எஸ்.எம்.எஸ். தலைப்புகளுக்கென்றே ஓர் இணையதளம் இருக்கிறது. அங்கே அந்த ஆறெழுத்தைப் போட்டால் எந்த நிறுவனம் என்று காட்டும். மகனிடம் சொல்லுங்கள், ஐந்து நிமிட வேலை.

நிறுவனம் தெரிந்ததும் அதன் இணையதளத்தில் குறைதீர் அலுவலரின் மின்னஞ்சல் முகவரியைத் தேடுங்கள். வங்கியானாலும் வங்கி சாரா நிதி நிறுவனமானாலும் அதை வெளியிட்டிருக்க வேண்டும். வாடிக்கையாளர் சேவை எண்ணுக்கு அழைத்துக் காத்திருந்து நேரத்தை வீணாக்காதீர்கள். எழுத்தில் போங்கள். நான் எழுதினால் இப்படி எழுதுவேன்:

"இந்தக் கைப்பேசி எண் இன்ன தேதியிலிருந்து என் பெயரில் இயங்குகிறது. உங்கள் கடன்தாரர் என்று நீங்கள் தேடும் நபர் எனக்குத் தெரியாதவர். இந்த எண்ணை உங்கள் பதிவேட்டிலிருந்தும், நீங்கள் நியமித்துள்ள எல்லா வசூல் முகவர்களின் பட்டியல்களிலிருந்தும் நீக்கி, நீக்கியதை எழுத்தில் தெரிவிக்கக் கோருகிறேன். உங்கள் முகவர்கள் இன்ன தேதிகளில் இன்ன நேரத்தில் இன்ன எண்களிலிருந்து அழைத்து, தங்கள் பெயரைக் கூறாமல் மிரட்டியுள்ளனர். காலை 8 மணிக்கு முன்பும் இரவு 7 மணிக்குப் பின்பும் அழைக்கக் கூடாது என்ற ரிசர்வ் வங்கியின் 2022 ஆகஸ்ட் சுற்றறிக்கையை நினைவூட்டுகிறேன்."

அவ்வளவுதான். உங்கள் கஷ்டத்தை நீட்டி எழுத வேண்டாம். அழைப்புப் பட்டியலின் ஸ்கிரீன்ஷாட்டுகளை இணையுங்கள். விடியற்காலை அழைப்பின் நேரம் அதில் தெளிவாகத் தெரியட்டும்.

இன்னொரு வரியையும் சேர்த்துக்கொள்ளலாம். துண்டிக்கப்பட்ட எண்களின் பட்டியலைத் தொலைத்தொடர்புத் துறை நிதி நிறுவனங்களுக்குக் கிடைக்கச் செய்திருக்கிறது. அதைப் பார்த்து உங்கள் வாடிக்கையாளர் பதிவேட்டைச் சுத்தம் செய்யுங்கள் என்று ரிசர்வ் வங்கி 2025 ஜனவரியில் எல்லா வங்கிகளுக்கும் நிதி நிறுவனங்களுக்கும் சொல்லிவிட்டது. அந்த ஆண்டு மார்ச் 31 வரை அவகாசம் கொடுத்தது. ஆகவே உங்கள் எண் இன்னும் அவர்களிடம் இருப்பதற்கு அவர்கள்தான் பதில் சொல்ல வேண்டும். அதே சுற்றறிக்கையில், கணக்கு தொடர்பாக வாடிக்கையாளரை அழைக்க 1600 என்று தொடங்கும் எண்களைத்தான் பயன்படுத்த வேண்டும் என்றும் இருக்கிறது. உங்களை அழைப்பவர்கள் பத்து இலக்க எண்ணில் வருகிறார்கள் இல்லையா? அதையும் குறிப்பிடுங்கள்.

ஒன்றைக் கேட்க மறந்தேன். அந்த ஆளுடைய ஓ.டி.பி. ஏதாவது உங்கள் எண்ணுக்கு வருகிறதா? வந்தால் யார் கேட்டாலும், அந்த ஆளே நேரில் வந்து கேட்டாலும் சொல்லாதீர்கள். அவரை அவருடைய வங்கிக்குப் போகச் சொல்லுங்கள்.

கவிதா, நாகர்கோவில்:

மாலதி அக்கா கேட்டதற்கு நல்ல பதில்கள் வந்துவிட்டன. நான் ஒரு மகளிர் விடுதியில் காப்பாளராக இருக்கிறேன். அழைப்புத் தொல்லையில் இன்னொரு வகையும் உண்டு. இதைப் படிக்கும் பெண்களுக்காக அதைப் பற்றி எழுதுகிறேன்.

எங்கள் விடுதிப் பெண் ஒருத்திக்கு நள்ளிரவில் எண்ணே தெரியாத அழைப்பு வந்துகொண்டிருந்தது. திரையில் 'பிரைவேட் நம்பர்' என்று மட்டும் இருக்கும். எடுத்தால் பேச்சு இல்லை, மூச்சுச் சத்தம். சில நாளில் அவள் என்ன நிறச் சுடிதார் போட்டிருந்தாள் என்று ஒரு வரி. அவள் ஃபோனை அணைத்துவிட்டுத் தூங்கப் பழகிக்கொண்டாள். வீட்டில் சொன்னால் படிப்பை நிறுத்திவிடுவார்களோ என்று அவளுக்குப் பயம்.

இப்படிப்பட்டதைத் தடுக்கும் பொத்தானைப் போட்டுவிட்டு மறந்துவிடக் கூடாது. டயலரும் விற்பனையும் வேறு. இவன் அவளை நேரில் பார்க்கிறவன். நம் நாட்டில் எண்ணை மறைத்து அழைக்கும் வசதி சாதாரண வாடிக்கையாளருக்குக் கிடைப்பதில்லை. ஆகவே பெரும்பாலும் இணையவழி அழைப்பு, இல்லையென்றால் வெளிநாட்டு வழியாகச் சுற்றி வருவது. ஆனால் அழைப்பு வந்து சேர்ந்த வழியின் பதிவு தொலைத்தொடர்பு நிறுவனங்களிடம் இருக்கும். அந்தப் பதிவுகளைக் குறைந்தது 2 ஆண்டு வைத்திருக்க வேண்டும் என்பது உரிம விதி. நம்மால் கேட்டு வாங்க முடியாது, போலீசால் முடியும்.

அவளை அழைத்துக்கொண்டு மாவட்ட சைபர் குற்றப் பிரிவுக் காவல் நிலையத்துக்குப் போனோம். அழைப்பு வந்த நேரங்களை அவள் ஒரு நோட்டில் எழுதி வைத்திருந்தாள். அதுதான் பெரிய உதவியாக இருந்தது. புகாரைக் கொடுத்ததும், அதைப் பெற்றுக்கொண்டதற்கான சி.எஸ்.ஆர். ரசீதைக் கேட்டு வாங்குங்கள். "விசாரிக்கிறோம், போங்கள்" என்று வாய்வார்த்தையாகச் சொன்னால் எழுந்து வராதீர்கள். விருப்பமில்லை என்று தெரிந்தும் ஒரு பெண்ணை விடாமல் தொடர்புகொள்வது குற்றவியல் சட்டமான பாரதிய நியாய சன்ஹிதாவின் 78-ஆம் பிரிவில் குற்றம். அடையாளத்தை மறைத்துக்கொண்டு மிரட்டினால் 351(4), மிரட்டலுக்குரிய தண்டனையோடு கூடுதலாக 2 ஆண்டு வரை சிறை. பெண்களுக்கான 181 உதவி எண்ணும் இருக்கிறது, எந்த நேரமும் அழைக்கலாம்.

அழைத்தவன் யார் என்று தெரிந்தது. வகுப்பில் கூடப் படிப்பவன்தான். அதற்கு மேல் எழுத எனக்கு உரிமை இல்லை. அவள் படிப்பைத் தொடர்கிறாள்.

மாலதி, திருவையாறு:

கவிதா, அந்தப் பெண்ணோடு நீங்கள் போய் நின்றதற்கு என் நன்றியையும் சேர்த்துக்கொள்ளுங்கள்.

இராமசாமி ஐயா, நீங்கள் சொன்னபடி செய்தியைத் தேடினோம், கிடைத்தது. நிறுவனத்தின் பெயரும் தெரிந்துவிட்டது. நீங்கள் எழுதியதையே தேதிகளை நிரப்பி மகன் மின்னஞ்சலில் அனுப்பினான். புகார் எண் கொடுத்துப் பதில் போட்டிருக்கிறார்கள். ஆனால் "உங்கள் கோரிக்கையைப் பரிசீலிக்க ஆதார் அட்டையின் இரு பக்க நகலை அனுப்பவும்" என்று கேட்கிறார்கள். அனுப்பலாமா? வீட்டில் எல்லோரும் இந்த எண்ணையே விட்டுவிட்டு வேறு சிம் வாங்கச் சொல்கிறார்கள். அச்சடித்த பெட்டிகள் எல்லாம் வீணாகும், ஆனாலும் நிம்மதி கிடைக்குமே என்று தோன்றுகிறது.

நிர்மலா, பெருங்குடி:

எண்ணை மாற்றாதீர்கள், அக்கா. அடுத்து வாங்கும் எண்ணும் யாரோ கைவிட்டதாக இருக்க வாய்ப்பு அதிகம். அங்கே வேறொருவரின் கடன் காத்திருந்தால்? இந்த எண்ணில் பாதி வேலையை முடித்துவிட்டீர்கள்.

ஒன்று மட்டும் செய்யுங்கள். தொலைத்தொடர்புத் துறையின் சஞ்சார் சாத்தி தளத்துக்கோ செயலிக்கோ போய், உங்கள் பெயரில் எத்தனை இணைப்புகள் இருக்கின்றன என்று பார்த்துவிடுங்கள். உங்களுக்குத் தெரியாத எண் ஏதாவது காட்டினால் அங்கேயே 'இது என்னுடையதில்லை' என்று குறிக்கலாம். ஒருவேளை அந்த ஆதார் கேட்ட ஆள் மறுபடி அழைத்து லிங்க் அனுப்புகிறேன், பணம் கட்டு என்று ஆரம்பித்தால், அதே தளத்தில் உள்ள சக்‌ஷு பகுதியில் தெரிவித்துவிடுங்கள். அது மோசடி முயற்சியைத் தெரிவிக்கும் இடம். பணம் போய்விட்டவர்கள் அங்கே காத்திருக்காமல் உடனே சைபர் மோசடி உதவி எண்ணான 1930-ஐ அழைக்க வேண்டும்.

இராமசாமி, மதுரை:

ஆதார் நகல் வேண்டாம், அம்மா. அவர்களுக்குத் தெரிய வேண்டியது இந்த எண் இப்போது யாரிடம், எப்போதிலிருந்து என்பதுதான். உங்கள் தொலைத்தொடர்பு நிறுவனத்தின் சேவை மையத்துக்குப் போய், இணைப்பு தொடங்கிய தேதி குறிப்பிட்ட சான்றைக் கேட்டு வாங்குங்கள். அதில் உங்கள் பெயரும் தேதியும் இருக்கும். அதை அனுப்பி, "இதற்கு மேல் அடையாள ஆவணம் தர வேண்டிய கடன் உறவு எதுவும் உங்களோடு எனக்கு இல்லை" என்று ஒரு வரி எழுதுங்கள். மிகவும் வற்புறுத்தினால் முதல் எட்டு இலக்கங்களை மறைத்த ஆதாரை ஆதார் ஆணையத்தின் தளத்திலிருந்து பதிவிறக்கலாம். அதன் மேல் குறுக்காக, எந்த நிறுவனத்துக்கு, எந்தப் புகார் எண்ணுக்காகக் கொடுக்கிறீர்கள் என்று எழுதிவிட்டு அனுப்புங்கள். வேறெதற்கும் அதைப் பயன்படுத்த முடியாதபடி எழுத்து அட்டையின் மேலேயே ஓடட்டும்.

இதற்கிடையில் வசூல் ஆள் யார் அழைத்தாலும் அந்தப் புகார் எண்ணை மட்டும் சொல்லுங்கள். அதைத் தாளில் எழுதி அடுப்படிச் சுவரில் ஒட்டிவிடுங்கள், நீங்கள் வேலையாக இருக்கும்போது மாமியாரே எடுத்துச் சொல்லிவிடுவார்.